போர்வையில் எழுதிய எண்



சில ஆண்டுகளுக்கு முன் நான் ஒரு தலையணை வாங்கினேன். அதன் ஓரத்தில் தைத்திருந்த லேபிளில் 'சுத்தமான இலவம் பஞ்சு' என்று அச்சிட்டிருந்தார்கள். ஆறே மாதத்தில் தலையணை கட்டி கட்டியாகிவிட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை தையலைப் பிரித்துப் பார்த்தேன். மேலாக இரண்டு கைப்பிடி இலவம் பஞ்சு. உள்ளே முழுவதும் ஆலைக் கழிவுப் பஞ்சு! கடைக்காரரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். "சார், லேபிள் தைத்துத்தான் எங்களுக்குச் சரக்கு வருகிறது. ஒவ்வொன்றையும் நாங்கள் பிரித்தா பார்க்க முடியும்?" என்று கேட்டார்.

அவர் கேட்டதிலும் நியாயம் உண்டு. அடைத்துத் தைத்த பொருளை வாங்குபவரும் பிரித்துப் பார்க்க முடியாது. விற்பவரும் பிரித்துப் பார்க்க முடியாது. அப்படியானால் லேபிளில் உள்ள சொல்லை எப்படி நம்புவது? யார் சோதிப்பது? எதைக் கொண்டு சோதிப்பது?

இந்தக் கேள்விக்கு விடை தேடும் முயற்சிகளில் ஒன்றை இன்று உங்கள் முன் வைக்கிறேன். அது பிரிட்டனில் நடந்தது. அங்கே குளிர்காலத்தில் போர்த்திக்கொள்ளும் 'டூவே' என்ற தடித்த போர்வையைப் பற்றியது. இரண்டு துணிகளுக்கு நடுவே பறவை இறகையோ செயற்கை இழையையோ அடைத்து, கட்டம் கட்டமாகத் தைத்தால் டூவே. வட இந்தியாவின் ரஜாய்க்கு அது நெருங்கிய உறவு. நம் ஊரில் அதைப் போர்த்தினால் பத்து நிமிடத்தில் வியர்த்துவிடும். "பிறகு நமக்கு ஏன் அந்தப் பேச்சு?" என்கிறீர்களா? அதைச் சோதிக்கும் முறை முழுவதும் உங்கள் பௌதிகப் பாடப் புத்தகத்தில் இருக்கிறது, அதனால்தான்.

காசு கொடுத்து வாங்குவது எதை?

உயர்ந்த வகை டூவேயில் அடைப்பது மென்தூவி. வாத்து, கூஸ் போன்ற நீர்ப்பறவைகளின் மார்பில், இறகுகளுக்கு அடியில் வளரும் பஞ்சு போன்ற பொருள் இது. நமக்கும் இது முற்றிலும் புதிதல்ல. அரசியின் கட்டிலில் அன்னத்தின் தூவியால் ஆன அணையை விரித்திருந்த செய்தி நெடுநல்வாடையில் வருகிறது.

மென்தூவியின் தரத்தை, அது எவ்வளவு உப்பி நிற்கிறது என்பதைக் கொண்டு மதிப்பிடுகிறார்கள். ஓர் உருளைப் பாத்திரத்தில் எடைபோட்ட தூவியைப் போட்டு, அதன்மேல் குறித்த எடையுள்ள தட்டு ஒன்றை மெல்ல வைத்து, எந்த உயரத்தில் தட்டு நிற்கிறது என்று பார்க்கிறார்கள். உயரம் தெரிந்தால் கன அளவு தெரிந்துவிடும். லேபிளில் '800' என்று எழுதியிருந்தால், 1 அவுன்ஸ் தூவி 800 கன அங்குல இடத்தை அடைத்து நிற்கிறது என்று பொருள்.

இதை நம் அளவுகளுக்கு மாற்றுங்கள். சுமார் 28 கிராம் தூவி. அது நிரப்பும் இடம் சுமார் 13 லிட்டர். தூவி கெரட்டின் என்னும் புரதத்தால் ஆனது. நம் நகமும் முடியும்கூட கெரட்டின்தான். அதன் அடர்த்தி 1 கன சென்டிமீட்டருக்கு ஏறத்தாழ 1.3 கிராம். ஆகவே 28 கிராம் தூவியின் உண்மையான கன அளவு 22 கன சென்டிமீட்டர் மட்டுமே. அதாவது 13,000 பங்கில் 22 பங்கு. எஞ்சியதெல்லாம் காற்று! விலை உயர்ந்த அந்தப் போர்வைக்குள் நூற்றுக்கு 99.8 பங்கு காற்றுதான் இருக்கிறது.

இது ஏமாற்று அன்று; இதுதான் தூவியின் சிறப்பு. அசையாத காற்று வெப்பத்தை மிக அரிதாகவே கடத்தும். அதன் வெப்பம் கடத்துந்திறன் நீரினுடையதில் இருபதில் ஒரு பங்குக்கும் குறைவு. ஆனால் காற்று சும்மா இருக்காது. சூடானதும் மேலெழுந்து, வெப்பச் சலனத்தால் சூட்டைத் தூக்கிச் சென்றுவிடும். அதை ஓடவிடாமல் பிடித்து வைப்பதே தூவியின் வேலை. போர்வை சூடு தருவதில்லை. சூடு நம் உடலினுடையது. அது தப்பிப் போகும் வழியில் போர்வை ஒரு தடை, அவ்வளவே.

தடைக்கு ஓர் அலகு

தடை என்றால் அதை அளக்க வேண்டும். அளப்பதற்கு அலகு வேண்டும். 1941இல் அமெரிக்காவில் கேஜ், பர்ட்டன், பேசட் ஆகிய மூவர் 'க்ளோ' என்னும் அலகை முன்மொழிந்தனர். 21 டிகிரி செல்சியஸ் வெப்பநிலையுள்ள அறையில் ஓய்வாக உட்கார்ந்திருப்பவருக்குச் சுகமாக இருக்கும் உடையின் தடை 1 க்ளோ.

இங்கிலாந்தின் மான்செஸ்டரில் பருத்தித் தொழிலுக்கென 'ஷர்லி நிலையம்' என்ற ஆராய்ச்சிக்கூடம் இருந்தது. அதற்கு நன்கொடை அளித்த நாடாளுமன்ற உறுப்பினர் வில்லியம் கிரீன்வுட்டின் மகள் பெயர் ஷர்லி. அங்கே பணியாற்றிய பியர்ஸ், ரீஸ் என்ற இருவர் 1946இல், துணிகளின் வழியே வெப்பம் செல்வதைப் பற்றிய தங்கள் ஆய்வில் 'டாக்' என்னும் அலகைக் கையாண்டனர். பேச்சு ஆங்கிலத்தில் உடைகளை 'டாக்ஸ்' என்பார்கள்; அதிலிருந்து வந்த பெயர்.

ஒரு சதுர மீட்டர் பரப்பின் வழியாக 1 வாட் வெப்பம் செல்லும்போது, இரு பக்கங்களுக்கும் இடையே 0.1 டிகிரி வேறுபாடு இருந்தால் அதன் தடை 1 டாக். ஒரு க்ளோ என்பது 1.55 டாக்.

இதை அளக்கும் டாக்மீட்டரை நீங்கள் எளிதில் புரிந்துகொள்ளலாம். ஓம் விதியை நினைத்துக்கொள்ளுங்கள். தொடரிணைப்பில் உள்ள இரண்டு மின்தடைகளின் வழியாக ஒரே மின்னோட்டம் செல்கிறது. தடைக்குத் தக்கபடி மின்னழுத்த வேறுபாடு பிரிகிறது. ஒன்றின் தடை தெரிந்தால் மற்றதைக் கண்டுவிடலாம். மின்னோட்டத்துக்குப் பதில் வெப்ப ஓட்டம், மின்னழுத்தத்துக்குப் பதில் வெப்பநிலை என்று வைத்துக்கொண்டால் அதுவே டாக்மீட்டர். அடியில் சூடான தட்டு. அதன்மேல் தடை தெரிந்த ஒரு பலகை. அதன்மேல் சோதிக்க வேண்டிய போர்வைத் துண்டு. பலகையின் அடியில் 36 டிகிரி, மேலே 33 டிகிரி, போர்வையின் மேற்பக்கம் 18 டிகிரி என்று வைத்துக்கொள்வோம். பலகையில் 3 டிகிரி இறக்கம். போர்வையில் 15 டிகிரி இறக்கம். பலகையின் தடை 1 டாக் என்றால் போர்வையின் தடை 5 டாக். கணக்கு முடிந்தது!

தொடரிணைப்பில் தடைகள் கூடும் அல்லவா? பிரிட்டனில் எல்லாப் பருவத்துக்கும் ஏற்ற இரட்டை டூவே விற்கிறார்கள். ஒன்று 4.5 டாக், கோடைக்கு. மற்றது 9 டாக், இளங்குளிருக்கு. கடுங்குளிரில் இரண்டையும் பொத்தான் போட்டுச் சேர்த்தால் 13.5 டாக். உங்கள் பாடத்தின் சூத்திரம் ஒன்று அங்கே கட்டிலின்மேல் கிடக்கிறது!

எண் சொல்லாதவை

இனி ஒரு சிறு கணக்குப் போடுங்கள். உறங்கும் மனிதனின் உடல், சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 40 வாட் வெப்பத்தை வெளிவிடுகிறது. அறை 14 டிகிரி, தோல் 34 டிகிரி, வேறுபாடு 20. இதை 4.5 டாக் போர்வையின் தடையான 0.45ஆல் வகுத்தால் 44 வாட். உடல் தரும் வெப்பமும் தப்பும் வெப்பமும் கிட்டத்தட்டச் சரியாகிவிட்டன. கோடைப் போர்வையே போதும் என்கிறது கணக்கு. ஆனால் கடைக்காரரோ குளிர்காலத்துக்கு 13.5 டாக் போர்வையை எடுத்து நீட்டுவார். யார் சொல்வது தவறு?

இருவரும் தவறில்லை. நம் கணக்கில் மனிதனை ஒரு தட்டையான தகடாக நினைத்துக்கொண்டோம். உண்மையில் தலை வெளியே இருக்கிறது. புரண்டு படுக்கும்போதெல்லாம் கழுத்தோரத்தில் சூடான காற்று வெளியேறுகிறது. மெத்தையின் வழியாகவும் மூச்சின் வழியாகவும் வெப்பம் போகிறது. இவற்றையெல்லாம் ஈடுகட்டத்தான் கூடுதல் டாக். தட்டின்மேல் கிடைத்த எண் பொய்யில்லை. ஆனால் அது தட்டைப் பற்றிய உண்மை. கட்டிலைப் பற்றிய உண்மைக்கு இன்னும் சில சோதனைகள் தேவை.

அவற்றில் ஒன்று ஈரத்தைப் பற்றியது. வியர்ப்பதே தெரியாவிட்டாலும் நம் தோலும் மூச்சும் ஒரு நாளில் அரை லிட்டருக்கும் மேலான நீரை ஆவியாக வெளிவிடுகின்றன. இரவில் தோலிலிருந்து வரும் ஆவி போர்வைக்குள் தங்கினால் பிசுபிசுக்கும். இதற்கென 'வியர்க்கும் தட்டு' இருக்கிறது. நுண்துளைகள் உள்ள உலோகத் தட்டை 35 டிகிரியில் வைத்து, துளைகளின் வழியே நீரைக் கசியவிட்டு, அதன்மேல் துணியைப் பரப்புகிறார்கள். தட்டின் வெப்பநிலை இறங்காமல் வைத்திருக்க எவ்வளவு மின்சாரம் செலவாகிறது என்று பார்த்தால், ஆவி எவ்வளவு தாராளமாக வெளியேறுகிறது என்பது தெரிந்துவிடும்.

தட்டிலிருந்து மனித வடிவத்துக்கும் போயிருக்கிறார்கள். 1940களில் அமெரிக்க இராணுவத்துக்காகச் செம்பால் ஆன, உள்ளே மின்சாரத்தால் சூடேறும் பொம்மை மனிதனைச் செய்தார்கள். இன்று அதன் வாரிசுகள் ஆய்வுக்கூடங்களில் போர்வைக்குள் படுத்துக்கொண்டு அளவுகளைத் தருகின்றன. அவற்றுக்குத் தூக்கமும் வராது. "புழுக்கமாக இருக்கிறது" என்று சொல்லவும் தெரியாது. ஆகவே முடிவில் உயிருள்ள மனிதர்களையும் வெப்பநிலையைக் கட்டுப்படுத்திய அறைகளில் படுக்கவைத்துக் கேட்கிறார்கள். சுகம் என்பதில் பாதியை வெப்பமானி சொல்லும். மீதியைப் படுத்திருப்பவர்தான் சொல்ல வேண்டும்.

எத்தனை நாள் உழைக்கும்?

அடுத்தது உழைப்பு. மேல்துணி எத்தனை உராய்வைத் தாங்கும் என்று பார்க்க மார்ட்டின்டேல் இயந்திரம் உண்டு. மார்ட்டின்டேல் இதை 1942இல் விவரித்து எழுதினார். துணியை ஒரே திசையில் தேய்த்தால் ஒரே வரிசை இழைகள்தான் தேயும். ஆகவே எல்லாத் திசைகளிலும் தேய்க்கும்படி இயந்திரத்தை அமைத்தார். ஒன்றுக்கொன்று செங்குத்தான இரண்டு அலைவுகளைச் சேர்த்தால் கிடைக்கும் லிசாஜு வடிவங்கள்தான் அதன் பாதை. அந்த வடிவங்களை நான் கல்லூரியில் அலைவுகாட்டியின் திரையில் காட்டும்போது, "இதனால் என்ன சார் பயன்?" என்று தவறாமல் ஒரு மாணவர் கேட்பார். "துணி தேயுமா என்று பார்க்கலாம்" என்பது என் விடை.

துணியின் நெசவு நெருக்கமாக இல்லாவிட்டால் தூவி ஊசிபோல் வெளியே வந்துவிடும். அதைச் சோதிக்க, அந்தத் துணியிலேயே ஒரு சிறு திண்டு தைத்துத் தூவியை அடைத்து, இயந்திரத்தால் கசக்கித் தேய்க்கிறார்கள். எத்தனை தூவிகள் வெளியே வந்தன என்று எண்ணிப் பார்க்கிறார்கள். தையல்களை இழுத்துப் பார்க்கிறார்கள். பலமுறை சலவை செய்து உலர்த்தி, சுருங்கிற்றா, உள்ளிருப்பது ஒரு மூலையில் ஒதுங்கிற்றா, பழையபடி உப்புகிறதா என்று பார்க்கிறார்கள்.

லேபிள் உண்மையா?

இப்போது என் தலையணைக்கு வருவோம். உள்ளே இருப்பது என்ன என்று சோதிப்பது எப்படி? இதற்கு விந்தையான கருவி எதுவும் இல்லை. ஒரு மாதிரியை எடுத்து, காற்று வீசாத பெட்டிக்குள் வைத்து, இடுக்கியால் தூவி வேறு, இறகு வேறு, உடைந்த துணுக்கு வேறு, தூசி வேறு என்று பொறுமையாகப் பிரிக்கிறார்கள். பிறகு தனித்தனியே எடை போடுகிறார்கள். நூற்றுக்கு எவ்வளவு தூவி என்பது இப்படித்தான் தெரிகிறது. தூவியின் விலை இறகின் விலையைவிட மிக அதிகம். ஆகவே இந்தச் சோதனை அவசியம். கூஸ் தூவியா, வாத்துத் தூவியா என்பதற்கு நுண்பெருக்கி உதவும். தூவியின் நுண்ணிழைகளில் உள்ள கணுக்களின் வடிவமும் அவை அமைந்திருக்கும் இடமும் இரண்டு பறவைகளிலும் வேறுபடும்.

சுத்தமாகக் கழுவினார்களா என்று அறிய இன்னும் எளிய வழி. தூவியை நீரில் போட்டுக் குலுக்கி வடிகட்டி, அந்த நீரை ஒரு நீண்ட கண்ணாடிக் குழாயில் ஊற்றுகிறார்கள். குழாயின் அடியில் ஒரு குறி இருக்கும். எத்தனை மில்லிமீட்டர் நீருக்கு அடியில் குறி தெரிகிறதோ, அதுவே தூய்மையின் அளவு. உங்கள் பள்ளியிலேயே இதைச் செய்யலாம்.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். உப்புதலை அளக்கும் சோதனையை முன்பே சொன்னேன் அல்லவா? அமெரிக்க முறையில் 1 அவுன்ஸ் தூவி. ஐரோப்பிய முறையில் 30 கிராம். உருளையின் விட்டமும், மேலே வைக்கும் தட்டின் எடையும் வேறு. சோதனைக்கு முன் தூவிக்கு நீராவி காட்டினால் அது நன்றாக விரிந்துகொள்ளும். ஆகவே ஒரே தூவிக்கு இரண்டு முறைகளில் இரண்டு எண்கள் வரலாம். இரண்டும் பொய்யில்லை. ஆனால் எந்த முறை என்று சொல்லாமல் பெரிய எண்ணை மட்டும் அச்சிட்டால்? அங்கேதான் உண்மையைக் கொண்டே ஏமாற்றும் வித்தை தொடங்குகிறது.

என் கருத்து

'இதமானது', 'உயர்தரமானது', 'நீடித்து உழைப்பது' — இவை விளம்பரச் சொற்கள். இவற்றைப் பொய் என்று நிரூபிக்க யாராலும் இயலாது. '10.5 டாக்' என்பதோ ஒரு வாக்குறுதி. வேறொருவர் வேறோர் ஊரில் அதே முறையில் அளந்து, அது சரியா தவறா என்று சொல்லிவிட முடியும். தவறென்று காட்ட வழியுள்ள பேச்சுக்குத்தான் அறிவியலில் மதிப்பு. லேபிளுக்கும் அதே இலக்கணத்தை நாம் வைக்க வேண்டும்.

ஆனால் எண் வந்துவிட்டது என்று திருப்தியடையவும் கூடாது. புதிதாக, உலர்ந்து, கசங்காமல் இருக்கும் துண்டை அளந்து வந்த எண் அது. வாங்குபவரோ அந்தப் போர்வையைப் பல ஆண்டுகள் போர்த்துகிறார், துவைக்கிறார். ஆகவே, பல சலவைக்குப் பின் எத்தனை டாக் எஞ்சும் என்பதையும் அருகிலேயே அச்சிட வேண்டும் என்பது என் கருத்து. "ஒவ்வொருவர் துவைப்பது ஒவ்வொரு விதம், அதற்கு நாங்கள் எப்படிப் பொறுப்பு?" என்று உற்பத்தியாளர் கேட்கலாம். உறங்குவதும் ஒவ்வொருவர் ஒவ்வொரு விதந்தான். அதற்கு ஒரு பொது முறை வகுத்து டாக் என்று அச்சிடவில்லையா? சலவைக்கும் பொது முறைகள் வகுத்திருக்கிறார்கள். மனம்தான் வேண்டும்.

எண்ணைத் தவறாகப் பயன்படுத்துவதும் ஆபத்து. டாக் குறைவாக இருக்கிறதே என்று கைக்குழந்தைக்கு டூவே போர்த்தக் கூடாது. ஒரு வயது நிரம்பாத குழந்தைக்கு டூவேயே கூடாது என்பது பிரிட்டனின் மருத்துவத்துறை தரும் அறிவுரை. குழந்தையால் போர்வையை விலக்க முடியாது, உடல் மிகச் சூடாகலாம், மூச்சும் முட்டலாம். எந்த எண்ணும் இந்த அறிவுரைக்கு மாற்றாகாது.

"இது குளிர்நாட்டுக்காரர் கவலை" என்று இன்னமும் நினைக்கிறீர்களா? 2016இல் அமெரிக்காவின் பெரிய கடை நிறுவனம் ஒன்று, 'எகிப்தியப் பருத்தி' என்று லேபிள் போட்டு வந்த படுக்கை விரிப்புகளில் வேறு பருத்தி இருந்ததாகக் கூறி, அவற்றைச் செய்து அனுப்பிய இந்திய நிறுவனத்துடன் உறவை முறித்துக்கொண்டது. நம் கரூரிலிருந்து படுக்கை விரிப்புகளும் திரைச்சீலைகளும் கப்பலேறி ஐரோப்பாவுக்குப் போகின்றன. எங்கோ ஒரு லேபிள் பொய் சொன்னால், தறியில் ஒழுங்காக வேலை செய்தவரின் பெயரும் சேர்ந்து கெடுகிறது. உங்களில் சிலர் நாளை அந்தச் சோதனைக்கூடங்களில் வேலை பார்ப்பீர்கள். அந்த லேபிளில் உங்கள் கையெழுத்து இராது. ஆனால் உங்கள் நேர்மை இருக்கும்.

இன்றே தொடங்குங்கள். ஒரே அளவான இரண்டு எவர்சில்வர் டம்ளர்களில் ஒரே அளவு வெந்நீர் ஊற்றித் தட்டால் மூடுங்கள். இரண்டு துணிப்பைகளில் ஒரே எடையுள்ள பஞ்சை எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்றில் பஞ்சை நன்றாகப் பிய்த்து உப்பவிடுங்கள். மற்றதில் இறுக்கி நூலால் கட்டுங்கள். டம்ளர்களை அவற்றால் சுற்றி, ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை வெப்பநிலையைக் குறியுங்கள். அரை மணி நேரத்தில் உங்கள் கையில் ஒரு முடிவு இருக்கும்.

முடிவோடு, நீரின் அளவு, பஞ்சின் எடை, அறையின் வெப்பநிலை, மின்விசிறி ஓடிற்றா இல்லையா என்பதையும் எழுதி வையுங்கள். பிறகு அந்தத் தாளை ஒரு நண்பரிடம் கொடுத்து, உங்கள் உதவியின்றி அதையே செய்து பார்க்கச் சொல்லுங்கள். அவருக்கும் அதே முடிவு வந்தால் உங்கள் எண்ணை நீங்கள் தைரியமாக அச்சிடலாம். வராவிட்டால், அதையும் மறைக்காமல் எழுதுங்கள்.

என் தலையணையைத் தைத்தவர் இதை ஒருமுறை செய்து பார்த்திருந்தால், அந்த லேபிளை ஒட்ட அவருக்கே கை வந்திருக்காது.